ஆப்பிள் சாஸுக்குக் குக்கர் வேண்டாங்க

கோபியிலிருந்து மிச்சிகன் வந்த தங்கச்சி கேட்டிருக்கு: தோட்டத்துல பறிச்ச ஆப்பிள் பையில நிறையக் கிடக்கு, ஊர்ல இருந்து கொண்டாந்த குக்கர்லயே ஆப்பிள் சாஸ் (வேகவெச்சு மசிச்ச ஆப்பிள் கூழ்) பண்ணலாமா, எத்தனை நாள் தாங்கும்?

குக்கரை எடுக்காதீங்க அம்மணி. ஆப்பிள் வேகறப்ப நுரைச்சுப் பொங்கும். அந்த நுரையும் தோலும் விசில் ஓட்டையை அடைச்சுட்டா ஆவி போக வழியிருக்காது. அடி கனமான போசி ஒண்ணு போதும்.

ஆப்பிள் வகையில மெக்கின்டாஷ் புளிப்பு, சீக்கிரம் குழையும். காலா, ஃபூஜி இனிப்பு, குழைய நேரமாகும். ரெண்டையும் பாதிப்பாதி கலந்தா சர்க்கரையே வேண்டியதில்ல. ரெட் டெலிஷியஸ் இதுக்கு ஆகாது, சப்புன்னு இருக்கும்.

3 பவுண்டு, அதாவது 1.4 கிலோ போட்டா ஒரு குவார்ட், அதாவது ஒரு லிட்டருக்குக் கொஞ்சம் குறைவா கிடைக்கும். தோலும் விதையும் எடுத்து, ஒரே அளவாத் துண்டு போட்டு, உடனே ஒரு டேபிள்ஸ்பூன் எலுமிச்சைச் சாறு பிசறிடுங்க. இல்லேன்னா கறுத்துப் போகும். தண்ணி அரை கப்தான். பழமே தண்ணி விடும்ங்கறதை மறந்து ஊத்தறதாலதான் நிறையப் பேருக்கு நீர்த்துப் போகுது. அப்படி ஆனா வெந்த பிறகு மூடியைத் திறந்து வெச்சு வத்த விடுங்க. கெட்டியாகறப்ப களி மாதிரி தெறிக்கும், கை பத்திரம். மூடி போட்டுச் சிறு தீயில 20 நிமிஷம், நடுநடுவே கிளறணும். அடி பிடிச்சா சுரண்டாம மேலாப்பல வேற போசிக்கு மாத்திடுங்க.

பருப்பு மத்தே போதும் மசிக்க. மிக்ஸியில போடறதுன்னா ஆறின பிறகு. சூட்டோட அடிச்சா மூடி எகிறும். கவுந்தப்பாடி நாட்டுச்சர்க்கரை போட்டா நிறம் மங்கி ஒப்புட்டு (போளி) வாசம் வரும். எனக்கு அது பிடிக்கும், குழந்தைக்குன்னா விட்டுடுங்க.

ஃபிரிட்ஜுல ஒரு வாரம் தாங்கும். ஃப்ரீசர்னா டப்பாவை முட்ட நிரப்பாதீங்க, உறையறப்ப உப்பும். வெளியில வெக்கணும்னா கண்ணாடி ஜார்ல சூடா ஊத்திக் கவுத்து வெச்சா பத்தாது. மேலே அரை அங்குலம் விட்டு, குச்சியால காத்துக் குமிழை எடுத்து, புது மூடி போட்டு, ஜார் முழுகற கொதிதண்ணியில பைன்ட் (அரை லிட்டர் அளவு) ஜாருக்கு 15 நிமிஷம். ஊர் கடல் மட்டத்துல இருந்து 1,000 அடிக்கு மேல இருந்தா 20. மறுநாள் மூடி நடுவுல அமுக்கிப் பாருங்க. டொக்குன்னு எழும்பினா காத்து புகுந்திருக்கு. அந்த ஜாரை ஃபிரிட்ஜுக்கு மாத்தி முதல்ல தீர்த்துடுங்க.