டி-ஏ-டி-ஜி-ஏ-டி டியூனிங்கில் கிட்டாரின் ஆறாவது கம்பி கர்ர் என்கிறது

ஆல்பத்தோடு சேர்ந்து வாசித்தால் கிட்டாரின் ஆறாவது கம்பி கர்ர் என்கிறது என்று கேட்டிருந்தீர்கள். அந்த மிகத் தடித்த 0.053 அங்குலக் கம்பியைக் கழற்றிவிட்டு 0.056 போடுங்கள். பிரிட்டிஷ் கிட்டார் கலைஞர் டேவி கிரஹாம் பரப்பிய அந்த டியூனிங்கில் 6, 2, 1-ஆம் கம்பிகள் மூன்றும் வழக்கமான சுருதியிலிருந்து இரண்டு ஃபிரெட் (கழுத்தின் குறுக்கே பதித்த உலோகக் கட்டை) அளவு இறங்குகின்றன. ஆல்பத்தோடு சேர்ந்து வாசிக்கும்போது தொய்ந்த ஆறாவதுதான் ஃபிரெட்டில் தட்டுகிறது.

ஆனால் பாலக்காட்டு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறையில் மார்கழியில்தான் தொடங்கியது என்கிறீர்களே, அது எனக்கு உறுத்துகிறது. நானும் சித்தூர்ப் பக்கம்தான். பாலக்காட்டுக் கணவாய்க் காற்று அடித்தால் மரம் காய்ந்து முன்பலகை உள்வாங்கும், கம்பியும் தாழ்ந்து ஃபிரெட்டில் தட்டும்.

பிரிட்ஜுக்கு (பலகையில் கம்பிகள் மாட்டியிருக்கும் கட்டை) பின்னால் குறுக்கே ஒரு ஸ்கேல் வைத்துப் பாருங்கள். நல்ல பலகை நடுவில் லேசாக மேடாக இருக்கும். குழிந்திருந்தால் முதலில் ஈரப் பஞ்சைத் துளையிட்ட சோப்பு டப்பாவில் போட்டு, கிட்டாரோடு பெட்டியில் ஒரு வாரம் மூடி வையுங்கள். சொட்டச் சொட்ட வேண்டாம்.

அதுவரை டிரஸ் ராடை (கழுத்தின் வளைவைச் சரிசெய்யும் உள் கம்பி) தொடாதீர்கள். புதுக் கம்பி நட் (கழுத்தின் மேல்முனையில் கம்பிகள் தங்கும் கட்டை) பள்ளத்தில் இறுகினால் திணிக்கவும் வேண்டாம்.