மூக்கைத் திருத்திக்கொள்ளலாமா?

கேள்வி: இருபது ஆண்டுகளுக்கு மேலாக மேடையில் நடிக்கிறேன். வயது 47. சினிமா வாய்ப்புக்குப் போகும்போதெல்லாம், என் நீண்ட மூக்கும் ஒட்டிய கன்னமும் கேமராவுக்கு ஒத்துவராது என்கிறார்கள். அறுவை சிகிச்சை செய்துகொள்ளலாமா என்று யோசிக்கிறேன். தோழி ஒருத்தி, கிரேக்க நடிகை ஜார்ஜியா வசிலியாதுவைப் பற்றித் தெரிந்துகொண்டு பிறகு முடிவெடு என்கிறாள். யார் அவர்?

பதில்: உங்கள் தோழி பொருத்தமான ஆளைத்தான் காட்டியிருக்கிறார். 1897-இல் பிறந்த வசிலியாது, இசை நாடகத்தில் பாடகியாகத் தொடங்கிப் பல ஆண்டுகள் மேடையிலேயே உழன்றவர். திரையில் அவர் நாடறிந்த முகமானபோது வயது ஐம்பதைத் தாண்டியிருந்தது. ஒல்லியான உடம்பும் எடுப்பான மூக்கும் கொண்ட அவரை வைத்து 1954-இல் எடுத்த நகைச்சுவைப் படத்துக்கு ‘ஏதென்ஸின் அழகி’ என்றே பெயர் சூட்டினார்கள். கேலிதான், மறுக்க முடியாது. இந்த வேலையில் அந்த வலியும் சேர்ந்தே வரும் என்பதை உங்களிடம் மறைக்க விரும்பவில்லை.

ஆனால் மூன்றே ஆண்டுகளில், அலெக்கோஸ் சகெல்லாரியோஸ் எழுதி இயக்கிய ‘சிகாகோ அத்தை’ படத்தில் நிலைமை தலைகீழானது. ஓய்வுபெற்ற ராணுவ அதிகாரி ஒருவர், மணமாகாத நான்கு மகள்களையும் பட்டாளக் கட்டுப்பாட்டில் வைத்திருக்கும் வீட்டுக்கு, அமெரிக்காவிலிருந்து அவருடைய சகோதரியாக வசிலியாது வந்து இறங்குகிறார். பழைய சாமான்களை வெளியேற்றுகிறார், பெண்களின் உடையை மாற்றுகிறார், மாப்பிள்ளை பிடிக்கும் வேலையையும் தானே கையில் எடுத்துக்கொள்கிறார். அந்த வீட்டில் அதிகாரிக்கு அஞ்சாத ஒரே ஆள் அவர்தான் என்பதால், சிரிப்பு அவருடைய மூக்கிலிருந்து அல்ல, அவருடைய துணிச்சலிலிருந்து பிறக்கிறது. அப்போது அவருக்கு 60 வயது.

அந்த முகத்தை மறைக்காமல், அதற்கேற்ற பாத்திரத்தை எழுத ஒருவர் இருந்தார் என்பது அவருடைய அதிர்ஷ்டம். எழுதியதைத் தாங்கும் குரலும் நேரக்கணக்கும் மேடையில் அவர் சேர்த்துவைத்த சொத்து. இரண்டாவது உங்களிடமும் இருக்கிறது. ஆகவே சிகிச்சைக்கு ஒதுக்கிய பணத்தை எடுத்துவைத்துவிட்டு, உங்களை மேடையில் பார்த்த இளம் எழுத்தாளர் யாரையாவது தேடிப்போய், உங்களை மனத்தில் வைத்து ஒரு காட்சி எழுதித் தரச் சொல்லிக் கேளுங்கள். அதை நடித்துப் படம்பிடித்து, வாய்ப்புக் கேட்கும் இடங்களுக்கு அனுப்புங்கள். கூடவே அனுப்பும் புகைப்படம், மூக்கு நன்றாகத் தெரியும்படி எடுத்ததாக இருக்கட்டும்.