அவிழ்குறி: ஒப்பந்தத்தையும் உலகையும் அவிழ்க்கும் மந்திரக் குறி பற்றிய கேள்வி-பதில்

ஒப்பந்தங்களை இல்லாமலாக்கி, அவற்றோடு உலகின் இழைகளையும் பிரித்துவிடும் மந்திரக் குறி ஒன்றைத் தங்கள் மிகுபுனைவுக் கதைகளில் வைத்திருக்கும் எழுத்தாளர்கள் அனுப்பிய கேள்விகளுள் சிலவற்றை இங்கே எடுத்துக்கொண்டிருக்கிறேன். ஒவ்வொருவரும் அதற்கு ஒவ்வொரு பெயர் சூட்டியிருப்பதால், எல்லாவற்றையும் பொதுவாக ‘அவிழ்குறி’ என்றே அழைக்கிறேன்.

கேள்வி: என் கதையில் அடிமை ஓலையின்மேல் அவிழ்குறியை வரைந்ததும் எழுத்துகள் மறைந்துவிடுகின்றன. அடிமை விடுதலையாகிவிட்டான் என்று எழுதலாமா?

பதில்: அவ்வளவு விரைவில் எழுத வேண்டாம். ஓலை ஒப்பந்தத்துக்குச் சான்று; ஒப்பந்தமே அன்று. பெரியபுராணத்தில் சுந்தரரின் மணப்பந்தலுக்கு வந்து, “நீ எனக்கு அடிமை” என்று வழக்காடும் முதியவரிடமிருந்து சுந்தரர் ஓலையைப் பறித்துக் கிழித்தெறிகிறார். கிழிந்தது படியோலைதான்; மூல ஓலை முதியவரிடம் பத்திரமாக இருக்கிறது. திருவெண்ணெய்நல்லூர் அவையோ ஆட்சி, ஆவணம், அயலார் காட்சி என்ற மூன்று வகைச் சான்றுகளைப் பற்றிப் பேசுகிறது. உங்கள் குறி ஆவணத்தை மட்டும் அழித்தால், வழிவழியாக வந்த வழக்கமும் நேரில் கண்டவர்களின் நினைவும் மிஞ்சி நிற்கும், அவை இரண்டும் சேர்ந்து அந்த அடிமையை மறுநாளே மீட்டுக்கொண்டு வந்துவிடும்.

இதற்கு நேர்மாறான உலகமும் உண்டு. பண்டைய மெசபடோமியாவில் கடன் தீர்ந்ததும் அதைப் பதிந்திருந்த களிமண் பலகையை உடைத்துவிடுவார்கள். பலகை உடைவதே கடன் ஒழிந்ததற்கு அடையாளம். உங்கள் உலகில் ஒப்பந்தம் எங்கே குடியிருக்கிறது என்பதை முதலில் முடிவு செய்யுங்கள். நினைவில் குடியிருக்கும் ஒப்பந்தத்தையே நான் விரும்புவேன், ஏனெனில் அப்போது குறியை வரைபவன் தனக்கு வேண்டியவர்களின் நெஞ்சுக்குள்ளும் கைவைக்க வேண்டியிருக்கும்.

கேள்வி: ஒப்பந்தம் அவிழ்வதற்கும் உலகமே அவிழ்வதற்கும் என்ன தொடர்பு? படிப்பவர்கள் நம்பும்படி எப்படி இணைப்பது?

பதில்: வந்த கேள்விகளில் இதுவே அடிப்படையானது. சட்டம் அறிந்தவர்கள் இரண்டு நிலைகளைப் பிரித்துச் சொல்வார்கள். ஓர் ஒப்பந்தம் இன்றோடு முடிவுக்கு வருவது ஒன்று. அது தொடக்கத்திலிருந்தே செல்லாதது என்று ஆவது மற்றொன்று. முதல் நிலையில் நேற்றுவரை நடந்தவை அப்படியே இருக்கும். இரண்டாம் நிலையில் நேற்றும் கேள்விக்குள்ளாகிறது, ஆகவே கொடுத்ததைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லி நீதிமன்றம் ஓரளவு சரிக்கட்டுகிறது. நீதிமன்றத்தால் பணத்தையும் பொருளையும்தான் திருப்பித் தரச் செய்ய முடியும், மந்திரக் குறிக்கு அந்த எல்லை இல்லை. ஒரு கல்தச்சனும் ஓர் ஊராரும் முந்நூறு ஆண்டுகளுக்கு முன் செய்துகொண்ட உடன்படிக்கையால் ஒரு பாலம் எழுந்தது என்று வைத்துக்கொள்வோம். அந்த உடன்படிக்கை ஒருபோதும் நிகழவில்லை என்று குறி ஆக்கிவிட்டால், பாலம் எங்கே? பாலத்தின்மேல் சந்தித்து மணந்துகொண்டவர்களின் பேரப்பிள்ளைகள் எங்கே? உலகம் அவிழ்வதற்குத் தனியாக ஒரு காரணம் தேட வேண்டியதில்லை. ‘தொடக்கத்திலிருந்தே’ என்ற ஒரு சொல் போதும்.

இன்னும் ஆழமான வழி மொழியின் ஊடாகச் செல்கிறது. ‘மொழிப்பொருட் காரணம் விழிப்பத் தோன்றா’ என்கிறது தொல்காப்பியம். ஒரு சொல் ஏன் அந்தப் பொருளைக் குறிக்கிறது என்பது வெளிப்படையாகப் புலப்படாது. வழங்குவோரின் இசைவே அதைத் தாங்கி நிற்கிறது என்று நான் பொருள்கொள்கிறேன். அப்படியானால் எல்லா உடன்பாடுகளையும் தளர்த்தும் குறி பெயர்களையும் தளர்த்தும். வானம் கிழிவதைக் காட்டிலும், ஒரு படகோட்டி தன் கையிலிருக்கும் துடுப்பைப் பார்த்து, அதற்கு என்ன பெயர் என்று தெரியாமல் திகைத்து, பிறகு அதைக் கொண்டு என்ன செய்வது என்பதையும் மறந்து நீரின் நடுவே அமர்ந்திருக்கும் காட்சி படிப்பவரை நடுங்கச் செய்யும். அங்கிருந்து தொடங்குங்கள்.

கேள்வி: ஒரே குறியால் நாட்டிலுள்ள எல்லாக் கடன்களையும் ஒழிக்க நினைக்கிறாள் என் கதைநாயகி. இது மிகையாகிவிடுமா?

பதில்: எண்ணம் மிகையன்று, மன்னர்கள் செய்திருக்கிறார்கள். கி.மு. 17-ஆம் நூற்றாண்டில் பாபிலோனை ஆண்ட அம்மிசதூக்காவின் ஆணை மக்களின் கடன்களை நீக்கியது. ஆனால் வணிகத்துக்காகக் கொடுக்கப்பட்ட மூலதனத்தை அது தொடவில்லை. கடனை வேறு பெயரில் எழுதி மறைப்பவர்களையும் அது கணக்கில் எடுத்துக்கொண்டது. உங்கள் கதைநாயகிக்கும் அந்தத் தெளிவு வேண்டும். வட்டிக்காரனின் சீட்டையும் ஒரு தாய் தன் பிள்ளைக்குக் கொடுத்த வாக்கையும் வேறுபடுத்தத் தெரியாத குறியை அவள் ஏந்துவதானால், அந்த அறியாமையையே கதையின் துயரமாக்குங்கள்.

கேள்வி: அவிழ்குறி தன்னையே அவிழ்த்துக்கொள்ளாதா?

பதில்: அவிழ்த்துக்கொள்ள வேண்டும். குறியும் ஒரு குறியீடுதானே. ‘இந்தக் கோடுகளுக்கு இந்த ஆற்றல்’ என்ற உடன்பாட்டில்தான் அதுவும் நிற்கிறது. தம்மை உறுப்பாகக் கொள்ளாத கணங்கள் (பொருள்களின் தொகுப்புகள்) அனைத்தையும் கொண்ட கணம், தன்னை உறுப்பாகக் கொள்ளுமா என்று 1901-இல் தத்துவஞானி பெர்ட்ரண்டு ரசல் கண்ட முரண்பாடு, தன்னைத்தானே சுட்டும் விதிகளின் ஆபத்தைக் காட்டுகிறது. ஒரு குறியை ஒரே ஒரு முறைதான் பயன்படுத்த முடியும் என்று வைத்தால் சிக்கல் தீரும்.

கேள்வி: அதைப் பயன்படுத்துபவர் என்ன விலை கொடுக்க வேண்டும்?

பதில்: ஆயுளில் பத்து ஆண்டுகள், ஒரு கண் என்றெல்லாம் விலை வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை. அது இன்னொரு ஒப்பந்தமாகிவிடும். அவிழ்குறியோ எந்த ஒப்பந்தத்துக்கும் கட்டுப்படாதது. சேதம் அருகிலிருப்பவர்களின்மேல் விழட்டும். இங்கிலாந்தின் கருவூலத்தில் வெட்டுக் குறியிட்ட மரக்குச்சிகளை இரண்டாகப் பிளந்து, கொடுத்தவரும் பெற்றவரும் பாதி பாதியாக வைத்துக் கணக்கு பார்த்தார்கள். வழக்கொழிந்த அந்தக் குச்சிகளை 1834 அக்டோபர் 16 அன்று பிரபுக்கள் அவையின் அடித்தள உலைகளில் எரித்தபோது, தீ பரவி நாடாளுமன்றத்தின் இரு அவைகளும் எரிந்துபோயின. குச்சிகளை உலையில் இட்டவர்களுக்கு நாடாளுமன்றத்தை அழிக்கும் நோக்கமே இல்லை.

கேள்வி: குறியின் வடிவத்தைக் கதையில் விவரிக்கலாமா?

பதில்: முழுமையாக வேண்டாம். பழைய எகிப்தியர்கள் சில கல்லறைகளில் சிங்கம், பாம்பு போன்ற எழுத்துருக்களை, அவை உயிர்பெற்று இறந்தவருக்குத் தீங்கு செய்யாதபடி, வேண்டுமென்றே துண்டாகவோ குறையாகவோ பொறித்தார்கள். உங்கள் ஆசானும் அவிழ்குறியை அப்படியே கற்பிக்கட்டும்: இடப்பாதியை ஒரு மாணவனுக்கு, வலப்பாதியை இன்னொருவனுக்கு. அந்த இருவரும் ஒருவரையொருவர் சந்திப்பதில்லை என்று வாக்களித்திருக்கட்டும்.