வாசகர் கேள்வி: கொலையா, இல்லையா?

கேள்வி: பையன் லேப்டாப்பில் 'தகாசெபுனே' என்று ஒரு ஜப்பான் டிவி நாடகம் போட்டுக் காட்டினான். நோயாளித் தம்பி கழுத்தை அறுத்துக்கொண்டு உயிர் போகாமல் கிடக்கிறான், கத்தியை உருவிவிடச் சொல்லிக் கெஞ்சுகிறான். அண்ணன் உருவுகிறான், தம்பி சாகிறான். அண்ணனைத் தண்டனையாகத் தீவுக்கு அனுப்பிவிடுகிறார்கள். அது கொலைதானா என்று கடைசிவரை சொல்லவே இல்லையே? - வாசகர், திருபுவனம்

பதில்: கதையை எழுதியவரே சொல்லவில்லை சார். மோரி ஓகாய் 1916-ல் எழுதியது, ராணுவத்தில் பெரிய டாக்டராக இருந்தவர். பழைய இலக்கியக் கதைகளை டிபிஎஸ் சேனல் 2010-ல் அரைமணி நாடகங்களாக எடுத்தபோது இதுவும் வந்தது. நம் சட்டப்படி, 18 வயது தாண்டியவர் தன் சாவுக்குத் தானே சம்மதித்திருந்தால் கொலை என்ற பெயர் போகும், தண்டனை போகாது.

ஆனால் நீங்கள் திருபுவனத்துக்காரர், தறியைப் பற்றிக் கேட்பீர்கள் என்று நினைத்தேன்! அண்ணன் கிசுகேயும் தம்பியும் கியோட்டோ நகரில் நிஷிஜின் என்ற நெசவுப் பகுதியின் பட்டுத்தறிக் கூடத்தில் வேலை பார்த்தவர்கள். தறிக்கு மேலே உட்கார்ந்து பாவு நூலைத் தூக்கிக் கொடுக்கிற வேலை, பின்னாளில் நூலைத் தானே தூக்கிக் கொடுக்கும் ஜக்கார்டு கருவி வந்து அந்த ஆளே வேண்டாம் என்றாக்கிவிட்டது. வலது கையில் வாங்கிய கூலி இடது கை வழியாகக் கடன்காரனுக்குப் போய்விடும். தீவுக்குப் போகும்போது அரசாங்கம் கொடுத்த 200 காசுதான் கிசுகே கையில் முதன்முதலாகத் தங்கிய பணம். அதை முதலாக வைத்துப் பிழைத்துக்கொள்வேன் என்று படகில் சந்தோஷமாகச் சொல்கிறான், நம்ம அரசலாறு அகலம்கூட இல்லாத வெட்டுவாய்க்காலில் போகிற படகு அது. கேட்டுக்கொண்டு வரும் காவலன் ஷோபே வீட்டில் ஏழு பேர், சம்பளம் பத்தாமல் மனைவி பிறந்த வீட்டிலிருந்து பணம் வாங்கி வருவது அவனுக்குப் பிடிக்காது. நமக்கும் இவனுக்கும் தொகையில்தானே வித்தியாசம் என்று அவனுக்குத் தோன்றிவிடுகிறது. எனக்குக் கத்தியை விட இந்த இடம்தான் பெரிசு.

கேள்வி: கதையைப் படித்துவிட்டுப் பார்ப்பதா, பார்த்துவிட்டுப் படிப்பதா? - வாசகி, மன்னார்குடி

பதில்: படித்துவிட்டுப் பாருங்கள், ஒரு மணி நேரம்கூட ஆகாது. கதையில் தம்பி செத்ததை நாம் நேரில் பார்ப்பதில்லை, கிசுகே சொல்லித்தான் கேட்கிறோம்: அண்ணன் தயங்கத் தயங்க தம்பியின் கண் வெறுப்பாக மாறியது, சரி உருவுகிறேன் என்றதும் அதே கண் தெளிந்து சந்தோஷப்பட்டது. திரையில் என்றால் ரத்தத்தையும் காட்டித்தானே ஆகவேண்டும், வீட்டில் சின்னப் பிள்ளைகள் இருந்தால் தூங்கின பிறகு போடுங்கள்.