வாசகர் கேள்வி – பதில்: புதுச்சேரியின் தமிழர் வீதிகளில் ஒரு மரபு நடை

புதுச்சேரியின் பழைய குடியிருப்பு வீதிகளை வழிகாட்டியோடு நடந்து பார்ப்பது பற்றி வந்த கேள்விகளுக்கு இந்த இதழில் பதில்.

கேள்வி: குடும்பத்தோடு ஒரு நாள் புதுச்சேரி போக எண்ணம். கடற்கரையையும் பிரெஞ்சு வீதிகளையும் பலமுறை பார்த்தாயிற்று. தமிழர் பகுதியில் வழிகாட்டி வைத்து நடக்கலாம் என்கிறார்கள். வீட்டு வாசல்களைப் பார்க்கக் காசு கொடுக்கத்தான் வேண்டுமா? நாங்களே நடந்தால் ஆகாதா?
– வாசகர், நெல்லிக்குப்பம்

பதில்: தாராளமாக நடக்கலாம், பொது வீதிதானே. ஆனால் பெரிய வாய்க்காலுக்குக் கிழக்கே உள்ள பிரெஞ்சுப் பகுதி பார்த்த மாத்திரத்தில் பிடிபட்டுவிடும். மேற்கே வந்தால் கடைப் பலகை, தொங்கும் கேபிள், வரிசையாக நிறுத்திய பைக் எல்லாம் கண்ணை மறைக்கும். நல்ல வீடு ஒன்றைக்கூடப் பார்க்காமல் வீதியின் அந்த முனைக்குப் போய்விடுபவர்கள் நிறையப் பேர். "இங்கே நில்லுங்கள், அந்தக் கடைக்கு மேலே அண்ணாந்து பாருங்கள்" என்று சொல்ல ஓர் ஆள் வேண்டியிருப்பது இந்தப் பக்கத்தில்தான். நீங்கள் கொடுக்கும் காசு அதற்கு.

யாரோடு போவது என்பதைப் போனிலேயே முடிவு செய்துவிடலாம். எந்தெந்த வீதி என்று முதலில் கேளுங்கள். வைசியாள் வீதியும் ரங்கப்பிள்ளை வீதியும் பட்டியலில் இல்லாவிட்டால் அது உங்களுக்கான நடை இல்லை. குழுவில் எத்தனை பேர்? 12 பேர் வரை நல்லது. 20-ஐத் தாண்டினால் பின்னால் நிற்பவருக்கு ஒன்றும் கேட்காது, வீதியும் அடைபடும். வீடு எதற்குள்ளாவது போவோமா, போவதென்றால் வீட்டாரிடம் முன்கூட்டியே சொல்லியிருக்கிறார்களா? மழை வந்தால் பணம் திரும்புமா, வேறு நாள் தருவார்களா? கடைசிக் கேள்விதான் முக்கியம்: தமிழில் சொல்வார்களா? இதை விட்டுக்கொடுக்காதீர்கள். ஆங்கிலத்தில் சொல்லும்போது திண்ணையும் 'வராண்டா', தாழ்வாரமும் 'வராண்டா' என்றாகிவிடுகிறது. அந்த இரண்டுக்கும் உள்ள வேறுபாடு புரியாமல் திரும்பினால் இந்த வீதிகளின் உயிரையே பார்க்கவில்லை என்றுதான் சொல்ல வேண்டும். கட்டட மரபைக் காக்கும் இன்டாக் அமைப்பின் புதுச்சேரிக் கிளையில் முதலில் விசாரியுங்கள்.

கேள்வி: பழைய தமிழ் வீட்டின் முகப்பில் எதை எந்த வரிசையில் பார்க்க வேண்டும்? திண்ணையும் தாழ்வாரமும் ஒன்றுதானே?
– கல்லூரி மாணவி, வில்லியனூர்

பதில்: ஒன்றல்ல. வீதியை ஒட்டி மரத்தூண்கள் நிற்கும். வீட்டுச் சுவரிலிருந்து அந்தத் தூண்கள்மேல் ஓட்டுக்கூரை சாய்ந்து இறங்கும். அதுதான் தாழ்வாரம். (நம் ஊர்களில் முற்றத்தைச் சுற்றி ஓடுவதையும் தாழ்வாரம் என்போம். இங்கே சொல்வது தெருத் தாழ்வாரத்தை.) அதற்குள், வாசலுக்கு இரு பக்கமும் உட்காரும் உயரத்தில் கட்டிய மேடை திண்ணை. வெயிலுக்கும் மழைக்கும் வழியே போகிறவர் யாரும் ஒதுங்கத் தாழ்வாரம், வீட்டைத் தேடி வந்தவர் உட்காரத் திண்ணை, வாசல் நிலையைத் தாண்டினால் வீட்டார். முன்பின் தெரியாதவர் எதுவரை வரலாம் என்பதைப் பலகை எதுவும் வைக்காமல் கட்டடமே சொல்லிவிடுகிறது. பிரெஞ்சுப் பகுதியில் வீட்டுக்கும் வீதிக்கும் நடுவே உயர்ந்த மதிற்சுவரும் கேட்டும் நிற்கும். இரண்டு பகுதிகளையும் ஒரே நாளில் பார்ப்பவர்கள் முதலில் கவனிக்க வேண்டியது இதை.

கீழிருந்து மேலே பார்த்துக்கொண்டு போங்கள். முதலில் படிகள். சாலைமேல் சாலை போட்டு வீதி உயர்ந்துவிட்டதால் பல வீடுகளில் கீழ்ப் படி புதைந்திருக்கும். திண்ணை வழக்கத்துக்கு மீறித் தாழ்வாகத் தெரிந்தால் அதுதான் காரணம், மழைத் தண்ணீர் வாசலுக்குள் வருவதற்கும் அதுவே காரணம். அடுத்தது தூண். மரம் தரை ஈரத்தை உறிஞ்சாதிருக்க அதைக் கல்மேல் நிறுத்தியிருப்பார்கள். தூண் தலையில் பாரத்தைத் தாங்கும் மரக்கட்டையான போதிகை, அதன்மேல் குறுக்கே ஓடும் உத்தரம். பிறகு தாழ்வாரத்துக்கு அடியில் போய் நின்று கூரையை உள்பக்கமாகப் பாருங்கள். அரைவட்டமாக வளைந்த சிறிய ஓடுகளை ஒன்றன்மேல் ஒன்றாக நெருக்கி அடுக்கியிருந்தால் நாட்டு ஓடு. தட்டையாக, பெரிதாக, பள்ளம் வைத்து ஒன்றோடொன்று கொக்கி போட்டதுபோல் பொருந்தியிருந்தால் மங்களூர் ஓடு. பாசல் மிஷன் என்ற கிறித்தவ அமைப்பு மங்களூரில் ஓட்டுத் தொழிற்சாலை தொடங்கியது 1865-ல். ஆகவே மங்களூர் ஓடு போட்ட கூரைக்கு வயது அதற்குப் பிறகுதான். வீட்டுக்கு வயது கூடுதலாக இருக்கலாம், கூரையை மாற்றியிருப்பார்கள்.

கதவு திறந்திருந்தால் வீதியில் நின்றபடியே நிலை, நடை (உள்ளே போகும் இடைவழி), முற்றம், அதைத் தாண்டிப் பின்கட்டு என எல்லாம் ஒரே கோட்டில் தெரியும். இருட்டு நடைக்கு அப்பால் முற்றத்து வெளிச்சம் ஒரு கட்டமாக விழுந்து கிடக்கும். ஒரு நொடி பார்த்தால் போதும். எட்டிப் பார்த்துக்கொண்டே நிற்கக் கூடாது.

மாடிக்கு வந்தால் ஊரே மாறிவிடும். கீழே மரத்தூணும் ஓடும், மேலே செங்கல் தூண், வளைவுச் சன்னல், சாய்பட்டைகள் வைத்த சன்னல் கதவு, பூவேலைக் கைப்பிடிச்சுவர். கீழே தமிழ், மேலே பிரெஞ்சு என்ற இந்தக் கலப்புதான் புதுச்சேரியின் தனி அடையாளம். பிரெஞ்சு ஆளுநர் துய்ப்ளேக்ஸின் துபாஷாக (மொழிபெயர்ப்பாளர், தரகர்) இருந்து நாட்குறிப்பு எழுதிய ஆனந்தரங்கப் பிள்ளையின் (1709–1761) மாளிகை இதற்குப் பேர்போன எடுத்துக்காட்டு. தனியார் சொத்து என்பதால் முன் அனுமதி இல்லாமல் உள்ளே போக முடியாது.

கேள்வி: வழிகாட்டி ஒருவர் ஒரு வீட்டைக் காட்டி, "இது 400 ஆண்டுப் பழைய பிரெஞ்சு–தமிழ் வீடு" என்றார். நம்பலாமா?
– வாசகர், பண்ருட்டி

பதில்: கணக்கே இடிக்கிறது. பிரெஞ்சுக்காரர்கள் இங்கே நிலைகொண்டது 1674-ல். அதற்கு முன்னால் பிரெஞ்சு பாணி எங்கிருந்து வரும்?

இன்னொரு சோதனையும் உண்டு. 1758-ல் பிரெஞ்சுத் தளபதி லாலியின் படை கடலூர் தேவனாம்பட்டினத்துச் செயின்ட் டேவிட் கோட்டையைப் பிடித்து இடித்தது. 1761 ஜனவரியில் புதுச்சேரி ஆங்கிலேயரிடம் வீழ்ந்தபோது அதற்குப் பழிதீர்ப்பதுபோல் கோட்டையையும் ஊரில் பெரும்பகுதியையும் தரைமட்டமாக்கினார்கள். ஆனந்தரங்கப் பிள்ளை இறந்ததும் அதே மாதத்தில்தான். 1763 பாரிஸ் உடன்படிக்கைப்படி 1765-ல் ஊர் பிரெஞ்சுக்காரர் கைக்குத் திரும்பிய பிறகு, பழைய வீதிக்கோடுகளின் மேலேயே மீண்டும் கட்டினார்கள். அந்தக் கட்டம் போட்ட வீதி அமைப்பு 1693 முதல் 1699 வரை ஊரை வைத்திருந்த டச்சுக்காரர் காலத்துத் திட்டம். ஆகவே இங்கே பெரும்பாலும் வீட்டைவிட வீதிக்கு வயது அதிகம். பிள்ளையின் மாளிகை போன்ற சிலவே விதிவிலக்கு. "1761-க்கு முந்தியதா, பிந்தியதா? எதை வைத்துச் சொல்கிறீர்கள்?" என்று மரியாதையாகக் கேளுங்கள். நல்ல வழிகாட்டிக்கு இந்தக் கேள்வி பிடிக்கும்.

இதுபோல் இடம் மாறியவையும் உண்டு. வேதபுரீசுவரர் கோயில் இப்போது இருப்பது அதன் ஆதி இடத்தில் இல்லை. பழைய கோயில் இன்றைய சம்பா கோயில் என்னும் மாதா தேவாலயத்தின் பக்கத்தில் இருந்தது. 1748-ல் அதை இடித்ததைப் பிள்ளையின் நாட்குறிப்பு சொல்கிறது. இதைச் சொல்லாமல் சம்பா கோயிலைக் கடந்து போகும் நடை முழுமையான நடை ஆகாது.

கேள்வி: எந்த மாதம், எந்தக் கிழமை, எத்தனை மணி? என்னென்ன கொண்டுபோக வேண்டும்?
– வாசகி, சிதம்பரம்

பதில்: டிசம்பர் பிற்பகுதி முதல் பிப்ரவரி வரை. மார்கழியானால் கோலத்தோடு பார்க்கலாம். காலை 6.30-க்குத் தொடங்கி 8.30, 9-க்குள் முடிக்கப் பாருங்கள். அதற்குமேல் கடைகள் திறந்து, தாழ்வாரங்களில் சரக்கு இறங்கத் தொடங்கிவிடும். இரண்டு, இரண்டரை கிலோமீட்டர்தான் நடை. நின்று நின்று போவதால் இரண்டு மணி நேரம் பிடிக்கும்.

ஞாயிறு வேண்டாம். காந்தி வீதி முழுக்க சண்டே மார்க்கெட் விரிந்துவிடும். அரசு அருங்காட்சியகத்தையும் சேர்த்துக்கொள்வதாக இருந்தால் திங்களும் வேண்டாம், அன்று விடுமுறை.

வைசியாள் வீதி கிழக்கு மேற்காக ஓடுகிறது. காலையில் மிஷன் வீதி முனையில் தொடங்கிக் காந்தி வீதியை நோக்கி நடந்தால் வெயில் முதுகில் விழும், முகப்புகள் கண் கூசாமல் தெரியும். எதிர்த்திசையில் நடத்தினால் வழி நெடுகக் கையை நெற்றியில் வைத்துக்கொண்டுதான் பார்க்க வேண்டும்.

தண்ணீர் ஆளுக்கு ஒரு லிட்டர், குடை, எளிதில் கழற்றி மாட்டும் செருப்பு. குடியிருப்பு வீதிகளில் கழிப்பறை கிடையாது, கிளம்புமுன் முடித்துக்கொள்ளுங்கள். ஐப்பசி, கார்த்திகையில் கனமழை பெய்த மறுநாள் போக நேர்ந்தால் பழைய கைப்பிடிச்சுவருக்கும் பால்கனிக்கும் நேர் கீழே நிற்காதீர்கள். ஊறிய சுண்ணாம்புக் காரை எடை கூடிப் பெயர்ந்து விழும்.

கேள்வி: அம்மாவுக்கு 72 வயது, முழங்கால் வலி. அழைத்துப் போகலாமா?
– வாசகர், பாகூர்

பதில்: அழைத்துப் போகலாம், முழு நடை வேண்டாம். வைசியாள் வீதியில் மிஷன் வீதிக்கும் காந்தி வீதிக்கும் இடைப்பட்ட பகுதி மட்டும் போதும். மடக்கு நாற்காலி ஒன்று எடுத்துக்கொள்ளுங்கள். முற்றம் வைத்த வீட்டில் வளர்ந்தவராக இருந்தால் வழிகாட்டி சொல்வதைவிட அவர் சொல்வது அதிகமாக இருக்கும். உடன் வருபவர்கள் அவரைப் பேசவிடுங்கள்.

கேள்வி: வைசியாள் வீதியில் ஒரு பகுதி பளிச்சென்று இருக்கிறது. இரண்டு வீதி தள்ளிப் போனால் அதே மாதிரி வீடுகள் பூச்சு உதிர்ந்து, மரம் முளைத்து நிற்கின்றன. ஏன்?
– வாசகர், அரியாங்குப்பம்

பதில்: அந்தப் பகுதி ஐரோப்பிய ஒன்றியத்தின் ஏசியா அர்ப்ஸ் திட்டத்தில், 2002–04 காலத்தில் சீரமைத்தது. இத்தாலியின் உர்பினோ நகரமும் பிரான்ஸின் வில்நெவ் சூர் லோவும் கூட்டாளிகள். முகப்புகளைப் பழைய நிலைக்குக் கொண்டுவந்து, இடிந்த தாழ்வாரங்களைத் திரும்ப எழுப்பினார்கள். 2008-ல் யுனெஸ்கோவின் ஆசிய–பசிபிக் மரபுப் பாதுகாப்பு விருதுகளில் ஒன்று இந்த வீதிக்குக் கிடைத்தது.

மற்ற வீடுகள் கெடுவதற்குப் பெருங்காரணம் தண்ணீர். இங்கே மாடித் தளம் மெட்ராஸ் டெரஸ். மர உத்தரங்கள்மேல் மெல்லிய செங்கற்களைக் குத்துவாக்கில், மூலைவாட்டமாகச் சுண்ணாம்புச் சாந்தில் பதித்து, அதன்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கலந்து அடித்துக் கெட்டிப்படுத்தி, மேலே தட்டோடு (தட்டையான ஓடு) பதிப்பார்கள். தட்டோட்டு இடுக்கில் கசியும் நீர் கடைசியில் உத்தரம் சுவருக்குள் புகும் முனையில் போய்த் தேங்கும். முனை மக்கினால் உத்தரம் இறங்கும். கைப்பிடிச்சுவரில் வேர் பிடிக்கும் அரசங்கன்று அதை விரைவுபடுத்தும். கடற்கரையில் இருந்த பழைய மேரி (நகராட்சி அலுவலகம்) கட்டடம் 2014 நவம்பரில் கனமழைக்குப் பின் இடிந்து விழுந்ததை ஊரே பார்த்தது.

அடுத்த தவறு, நல்ல எண்ணத்தில் செய்வது: சுண்ணாம்புச் சுவருக்குச் சிமென்ட் பூச்சு. சுண்ணாம்பு ஈரத்தை உள்ளே வாங்கி வெளியே விடும். சிமென்ட் அந்த வழியை அடைத்துவிடும். உப்பு பூத்து, தரையிலிருந்து இரண்டு மூன்றடி உயரம் வரை பூச்சு ஊதி, தட்டினால் பொள்ளல் சத்தம் கேட்கும். அடுத்த மழையில் பாளமாக விழும். நடையின்போது வழிகாட்டியிடம் சுண்ணாம்புப் பூச்சு உள்ள சுவர் ஒன்றையும் சிமென்ட் பூசிய சுவர் ஒன்றையும் அடுத்தடுத்துக் காட்டச் சொல்லுங்கள். உங்கள் ஊரில் பழைய வீடு இருந்தால் அந்த ஒரு பாடமே வந்ததற்குப் போதும்.

கேள்வி: நான் இப்படிப்பட்ட வீதி ஒன்றில் குடியிருப்பவள். வாரக் கடைசியில் கூட்டம் கூட்டமாக வந்து எங்கள் திண்ணையில் உட்கார்ந்து படம் எடுக்கிறார்கள். காலையில் கதவைத் திறந்து கோலம் போடவே கூச்சமாக இருக்கிறது. என்ன செய்யலாம்?
– வாசகி, புதுச்சேரி

பதில்: உங்கள் வருத்தம் முழுக்க நியாயமானது. கூட்டி வருபவரை நேரில் பிடித்து, எந்த நாள், எந்த நேரம் உங்களுக்கு ஒத்துவரும், எங்கே நிற்கலாம் என்று சொல்லுங்கள். வருபவர்கள் அல்ல, அழைத்து வருபவர்தான் இதற்குப் பொறுப்பு. எதிர் வீட்டு ஓரம் நின்று பேசினால் முகப்பும் முழுதாகத் தெரியும், உங்கள் வாசலும் தப்பும்.

நடக்க வருகிறவர்களுக்கு: தாழ்வாரத்தில் நிற்கலாம். வாங்க என்று அழைக்காமல் திண்ணையில் உட்காராதீர்கள். கோலத்தை மிதிக்காதீர்கள். ஆள் தெரியும்படி படம் எடுக்குமுன் கேளுங்கள். உள்ளே அழைத்தால் செருப்பை வெளியே விடுங்கள், பூஜை அறையையும் படுக்கையறையையும் படம் எடுக்காதீர்கள்.

கேள்வி: எட்டாம் வகுப்பு மாணவர்கள் 45 பேரை அழைத்து வர வேண்டும். எப்படி நடத்துவது?
– ஆசிரியர், கடலூர்

பதில்: 15 பேராக மூன்று குழு, 15 நிமிட இடைவெளி, குழுவுக்கு ஓர் ஆசிரியர், ஒரு வழிகாட்டி. ஒவ்வொருவருக்கும் ஒரு தாள், பென்சில். ஒரே ஒரு வீட்டின் முகப்பை வரைந்து, தூண் எத்தனை, என்ன ஓடு, எத்தனை படி தெரிகிறது, மாடியில் என்ன வடிவச் சன்னல் என்று குறிக்கச் சொல்லுங்கள். பத்து வீட்டைப் பற்றிக் கேட்டதைவிட ஒரு வீட்டைப் பத்து நிமிடம் பார்த்தது மனத்தில் தங்கும்.

போகுமுன் கடலூர் முதுநகரிலும் தேவனாம்பட்டினத்திலும் ஒரு சிறு நடை வைத்துவிடுங்கள். 1690-ல் ஆங்கிலேயர் மராட்டியரிடமிருந்து தேவனாம்பட்டினக் கோட்டையை வாங்கியபோது, கோட்டையிலிருந்து நாலாபுறமும் பீரங்கி சுட்டுக் குண்டு விழும் தூரம் வரை உள்ள கிராமங்கள் தங்களுடையவை என்று எல்லை வகுத்துக்கொண்டார்கள். அவற்றுக்குக் குண்டு கிராமங்கள் என்று பெயர். உங்கள் மாணவர்களில் சிலர் அந்த எல்லைக்குள்ளிருந்தே பள்ளிக்கு வருபவர்களாக இருப்பார்கள்.