கேளுங்கள், சொல்கிறேன்: கோட்டைக்குள் ஒரு வியாபாரிகள் மாளிகை

கேள்வி: சென்னை புனித ஜார்ஜ் கோட்டை அருங்காட்சியகத்துக்குப் பேத்தியைக் கூட்டிப் போயிருந்தேன். "இது கவர்னர் வீடா தாத்தா?" என்று கேட்டாள். எனக்குப் பதில் தெரியவில்லை. முதலில் அது என்ன கட்டடம்?
– ஒரு வாசகர், காஞ்சிபுரம்

பதில்: கவர்னர் வீடு இல்லை என்று பேத்தியிடம் தைரியமாகச் சொல்லுங்கள். அது வியாபாரிகளுக்காக எழுந்த கட்டடம். 1795-இல் கட்டி முடித்தார்கள். மெட்ராஸ் பேங்க் அலுவலகம் முதலில் அங்கேதான் இயங்கியது. மாடியில் இருந்த நீளமான கூடத்துக்குப் 'பப்ளிக் எக்ஸ்சேஞ்ச்' என்று பெயர். வணிகர்கள் அங்கே கூடிப் பேசினார்கள். பொதுக்கூட்டம், லாட்டரி குலுக்கல், எப்போதாவது கேளிக்கை எல்லாமே அந்தக் கூடத்தில்தான். பிற்காலத்தில் ராணுவ அதிகாரிகளின் மெஸ் ஆனது. அருங்காட்சியகம் ஆனது 1948-இல்.

பள்ளியில் சரித்திரம் நடத்திய காலத்தில் பிள்ளைகளை அங்கே அழைத்துப் போவேன். வாளையும் துப்பாக்கியையும் பார்க்க ஓடுவார்கள். ஓடட்டும் என்று விட்டுவிட்டு, அப்புறம் மாடிக்கு ஏற்றி, "சுவரில் இருக்கும் ராஜா ராணி படங்களைக் கொஞ்சம் மறந்துவிட்டு இந்தக் கூடத்தைப் பாருங்கள்" என்பேன். எத்தனை பேர் நின்று பேச இவ்வளவு பெரிய இடம் வேண்டியிருந்தது என்று யோசித்தாலே அன்றைய மெட்ராஸ் வியாபாரத்தின் அளவு புரிந்துவிடும்.

கேள்வி: அந்தக் கட்டடத்தின் மேல் கலங்கரை விளக்கம் இருந்ததாமே, உண்மையா?
– ஒரு வாசகி, திருவள்ளூர்

பதில்: உண்மைதான். மெட்ராஸின் முதல் கலங்கரை விளக்கமே அதுதான். 1796-இல் மொட்டை மாடியில் எண்ணெய் விளக்கு ஏற்றினார்கள். அன்றைக்கு இந்த ஊருக்குத் துறைமுகம் கிடையாது. கப்பல்கள் தூரத்தில் நங்கூரம் போட்டு நிற்கும். ஆளும் சரக்கும் மசூலா படகில் ஏறி, அலையைத் தாண்டிக் கரைக்கு வரவேண்டும். இருட்டில் வரும் கப்பலுக்கு ஊர் எங்கே இருக்கிறது என்று காட்ட ஓர் உயரமான இடம் தேவைப்பட்டது. சரக்கு எப்போது வரும் என்று கீழே வியாபாரிகள் காத்திருக்க, அந்தச் சரக்கைக் கொண்டுவரும் கப்பலுக்கு மேலே விளக்கு! இந்தக் கட்டடத்தைப் பற்றி நினைக்கும்போதெல்லாம் எனக்கு முதலில் மனத்தில் வருவது இந்தப் பொருத்தம்தான்.

1844-இல் விளக்கு பக்கத்திலேயே புதிதாகக் கட்டிய உயரமான கல்தூணுக்கு மாறியது. உயர் நீதிமன்ற வளாகத்தில் அந்தத் தூண் இன்றும் நிற்கிறது. பிறகு 1894-இல் நீதிமன்றக் கோபுரத்துக்குப் போனது. மெரினாவுக்கு வந்ததெல்லாம் 1977-இல்தான்.

கேள்வி: ஒரு மணி நேரம்தான் இருக்கிறது. எதைப் பார்க்காமல் வரக்கூடாது?
– ஒரு கல்லூரி மாணவர், வேலூர்

பதில்: இரண்டு. 1947 ஆகஸ்ட் 15 அன்று கோட்டையில் ஏற்றிய பட்டுக் கொடி ஒன்று. மற்றொன்று, திப்பு சுல்தானைப் போரில் வென்ற ஆங்கிலேய கவர்னர் ஜெனரல் காரன்வாலிஸ் சிலையின் பீடம். சிலையை அண்ணாந்து பார்த்துவிட்டு எல்லோரும் நகர்ந்துவிடுகிறார்கள். கீழே குனிந்து பாருங்கள்: திப்பு சுல்தானின் பிள்ளைகளை 1792-இல் பிணையாக ஒப்படைத்த காட்சி செதுக்கப்பட்டிருக்கிறது. தோற்றவனின் குழந்தைகளை வென்றவனின் பீடத்தில் வைத்த அந்தச் சிற்பம் எனக்கு மனசைப் பிசையும்.

தலைமைச் செயலகம் உள்ளே இருப்பதால் வாசலில் சோதனை உண்டு. வெள்ளிக்கிழமை விடுமுறை, அன்றைக்குப் போய்விடாதீர்கள்.