கடைசிப் பாடமும் கடைசி பெஞ்சும்

அன்புள்ள ஐயா,

என் மகள் சிபிஎஸ்இ-யில் பன்னிரண்டாம் வகுப்பு படிக்கிறாள். போன வாரம் ஆங்கிலப் புத்தகத்தில் வரும் 'தி லாஸ்ட் லெஸன்' கதையைச் சத்தமாகப் படித்துக்கொண்டிருந்தாள். ஜெர்மனிக்காரன் ஊரைப் பிடித்ததும், நாளையிலிருந்து பள்ளியில் பிரெஞ்சு கிடையாது என்று ஆணை வருகிறது. ஹாமெல் வாத்தியார் கடைசி வகுப்பு எடுக்கிறார். பக்கத்து அறையில் இருந்த எனக்குக் கண் கலங்கிவிட்டது. தமிழுக்கு இப்படி ஒரு நாள் வந்தால்? அன்று இரவு செய்தியைப் போட்டால் வழக்கம்போலக் குண்டுவீச்சு. தூக்கம் வரவில்லை. போரின் வேர் எது? மனித இயல்பா, பொருளாதாரமா, ஆயுத வியாபாரமா? தேசியம்தான் காரணம் என்றால் தேசத்தை நேசிப்பதே தப்பா? 'யாதும் ஊரே யாவரும் கேளிர்' என்று சொன்ன நாம் உலகத்துக்கு வழிகாட்ட முடியாதா? நேரம் இருந்தால் எழுதுங்கள்.

அன்புடன்,
ச., ஈரோடு

அன்புள்ள ச.,

மகள் பாடம் படிப்பதைக் கேட்டுக் கண் கலங்குகிற அப்பா இன்னும் இருக்கிறார் என்பதில் எனக்கு நிஜமாகவே சந்தோஷம். ஆனால் தப்பான இடத்தில் அழுதிருக்கிறீர்கள். அதைச் சொல்லத்தான் உட்கார்ந்தேன்.

மற்றதைச் சீக்கிரம் முடித்துவிடுகிறேன். மனித இயல்பு என்னவென்று எனக்குத் தெரியாது. தெரியும் என்பவர்களிடமிருந்து கொஞ்சம் தள்ளியே உட்காருவேன். ஆயுத வியாபாரிகள் இருக்கிறார்கள், சம்பாதிக்கிறார்கள், சரி. 'யாதும் ஊரே' மட்டும் தயவுசெய்து வேண்டாம். அந்த ஒற்றை வரியை மேடைக்கு மேடை தோரணமாகக் கட்டித் தொங்கவிட்டாயிற்று. அது இருக்கிற புறநானூற்றைப் புரட்டினால் பக்கத்துக்குப் பக்கம் யானை செத்துக் கிடக்கிறது. அதில் ஒரு பாட்டுக்குக் கடைசியில் வருகிறேன்.

இப்போது உங்கள் ஹாமெல் வாத்தியார். கதை நடக்கிற இடம், பிரான்ஸும் ஜெர்மனியும் தொடுகிற எல்லையில் இருக்கும் அல்சாஸ். 1870-71 போரில் பிரான்ஸ் தோற்று, அல்சாஸையும் பக்கத்து லொரேனில் ஒரு பகுதியையும் ஜெர்மனியிடம் பறிகொடுத்தது. ரெண்டே வருடத்தில், 1873-ல், அல்போன்ஸ் தோதே இந்தக் கதையைப் புத்தகத்தில் சேர்க்கிறார். ரத்தம் காயாத நேரம். நல்ல எழுத்தாளர், சந்தேகமே இல்லை. கூரையில் புறா கூவுகிறது. இதுகளையும் ஜெர்மனில் கூவச் சொல்வார்களோ என்று கதை சொல்கிற பையன் யோசிக்கிறான். யாருக்குத்தான் தொண்டை அடைக்காது?

ஆனால் ஒன்று கேட்கிறேன். அந்தப் பையன் ஃபிரான்ஸ், வீட்டில் அம்மாவிடம் எந்த மொழியில் சோறு கேட்டிருப்பான்?

அல்சாஸ் கிராமங்களில் பெரும்பாலான வீடுகளில் அன்றைக்குப் பேசியது பிரெஞ்சு இல்லை. அல்சேசியன் என்கிற, ஜெர்மன் குடும்பத்தைச் சேர்ந்த பேச்சுமொழி. ஃபிரான்ஸ், ஹாசர் என்று கதையில் வரும் பெயர்களே காட்டிக்கொடுக்கும். நாற்பது வருடமாக ஹாமெல் அந்தப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தது பாரிஸின் மொழியை. ஒரு சர்க்காரின் மொழி போய் இன்னொரு சர்க்காரின் மொழி வருகிறது, அவ்வளவுதான். பையனின் வீட்டுமொழிக்கு அந்தக் கதையில் பெயர்கூட இல்லை. இன்னொரு வேடிக்கையும் உண்டு. தோதே பிறந்தது தெற்கே நீம் நகரில். அந்தப் பக்கத்துச் சனங்களின் மொழியும் பிரெஞ்சு இல்லை, 'ஆக்சிதான்' என்கிற வேறொரு மொழி. அங்கே பள்ளியில் வீட்டுமொழி பேசி மாட்டிக்கொண்ட பிள்ளையிடம் ஒரு மரத்துண்டையோ வேறு ஏதாவது அடையாளப் பொருளையோ கொடுத்துவிடுவார்கள். அடுத்தவன் மாட்டும்வரை அதை அவன்தான் சுமக்க வேண்டும். சாயங்காலம் யாரிடம் இருக்கிறதோ அவனுக்குத் தண்டனை. எந்த ஹாமெல் அதற்காகக் கண்ணீர் விட்டார்?

பிரெஞ்சு இருக்கிற இடத்தில் தமிழை வைத்துப் பார்த்து நாம் அழுகிறோம். உங்களைக் குறை சொல்லவில்லை, நானும் அப்படித்தான் அழுதேன். நாம் உட்கார்ந்திருக்க வேண்டியது கடைசி பெஞ்சில், இரண்டு வாத்தியாரிடமும் அடி வாங்குகிற பையன் பக்கத்தில்.

இந்தக் கண்ணீர் கதையோடு நின்றிருந்தால் பரவாயில்லை. பிரெஞ்சு வகுப்பறை வரைபடங்களில் அந்த மாகாணங்களைத் தனி நிறம் பூசிக் காட்டினார்கள். வாத்தியார் குச்சியை வைத்துக் காட்ட, பையன்கள் வெறித்துப் பார்ப்பதை ஒரு ஓவியர் 1887-ல் படமாகவே வரைந்தார்; அதில் அது கறுப்புத் திட்டு. அப்படிப் பார்த்து வளர்ந்த தலைமுறைகள்தான் 1914-ல் ரயில் ஏறிப் போர்முனைக்குப் போயின. 'பக்கத்து நாட்டுக்காரனை வெறு' என்று யாரும் அவர்களுக்குப் பாடம் எடுத்திருக்க வேண்டியதில்லை. நம்மிடமிருந்து பிடுங்கிவிட்டார்கள் என்று சொல்லிக்கொடுத்தாலே போதும். வேர் எது என்று கேட்டீர்களே, என் கைக்குத் தட்டுப்பட்டது இதுதான்: பாதியை மறைத்துச் சொல்லப்படும் ஒரு துக்கம். மிச்சப் பாதியைச் சொல்லியிருந்தால் கண்ணீர் கொஞ்சம் குறைந்திருக்கும். அது யாருக்கு வேண்டும்?

1918-ல் அல்சாஸ் மறுபடியும் பிரான்ஸுக்கு வந்தது. வந்தவர்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? பெற்றோரின் பிறப்பை வைத்து ஏ, பி, சி, டி என்று ஆளுக்கொரு அட்டை கொடுத்தார்கள். கையிலிருக்கும் ஜெர்மன் மார்க்கை மாற்றப் போனால் அட்டைக்கு அட்டை விகிதம் வேறு. பள்ளியில் முதல் நாளிலிருந்தே பிரெஞ்சில் மட்டும் பாடம். 1940-ல் ஜெர்மனி வந்தது. பிரெஞ்சுக்குத் தடை, தெருப் பெயர்கள் மாற்றம், தலையில் பிரெஞ்சுக்காரர்களின் பெரே தொப்பி வைத்தால்கூடக் குற்றம். 1945-க்குப் பிறகு திரும்பவும் பிரான்ஸ். இந்த முறை அடி உதை இல்லை, 'பிரெஞ்சு பேசுவதே நாகரிகம்' என்று சுவரொட்டி. அதுதான் மற்ற எல்லாவற்றையும்விட நன்றாக வேலை செய்தது. 1868-ல் பிறந்து எண்பது வயது வாழ்ந்த ஒரு கிழவி, வீட்டு வாசலைத் தாண்டாமலேயே நான்கு முறை நாடு மாறியிருப்பாள்.

(நம் ஊர் கேட்டுக்குப் பின்னால் குரைக்கிற அல்சேஷனும் இந்தச் சண்டையில் பெயர் மாறியதுதான். ஜெர்மன் ஷெப்பர்ட் என்று கூப்பிட பிரிட்டிஷ்காரர்களுக்கு வாய் கூசியது. நாய்க்கு எதுவும் தெரியாது.)

1942-ல் நாஜிகள் அல்சாஸ் இளைஞர்களைக் கட்டாயமாகத் தங்கள் படையில் சேர்த்தார்கள். லொரேன்காரர்களோடு சேர்த்தால் ஏறக்குறைய 1,30,000 பேர். ஓடிப்போனால் வீட்டாரைப் பிடித்துக்கொண்டு போவார்கள். பெரும்பாலானவர்களை ரஷ்யப் பக்கம் அனுப்பினார்கள். 1944 ஜூன் 10 அன்று பிரான்ஸின் நடுப்பகுதியில் ஒராதூர் என்ற கிராமத்தில் நாஜிகளின் எஸ்எஸ் படை அறுநூறுக்கும் மேற்பட்டவர்களைக் கொன்றது. பெண்களையும் குழந்தைகளையும் தேவாலயத்தில் அடைத்துக் கொளுத்தினார்கள். 1953-ல் போர்தோ நகரில் வழக்கு நடந்தபோது குற்றவாளிக் கூண்டில் 21 பேர். அதில் 14 பேர் அல்சாஸ்காரர்கள், ஒருவரைத் தவிர எல்லோரும் கட்டாயமாகச் சேர்க்கப்பட்டவர்கள். தண்டனை என்றதும் அல்சாஸ் கொதித்தது. சில நாளிலேயே நாடாளுமன்றம் மன்னிப்புச் சட்டம் போட்டது, ஒராதூர் கொதித்தது. மன்னிப்புக்கு ஓட்டுப் போட்ட உறுப்பினர்களின் பெயர்களை ஊர் வாசலில் எழுதி வைத்தார்கள். யார் பக்கம் அழுவீர்கள், ச.? நான் பல நாள் யோசித்துவிட்டு விட்டுவிட்டேன்.

அமைதி சாத்தியமா என்றுதானே சுற்றிச் சுற்றிக் கேட்கிறீர்கள்? அங்கே வந்தது. எப்படி வந்தது என்று கேட்டால் உங்களுக்குச் சப்பென்று இருக்கும். நிலக்கரிக் கணக்கால் வந்தது. லொரேனில் இரும்புத்தாது, ஜெர்மனியின் ரூர் பகுதியில் நிலக்கரி. இரண்டும் சேர்ந்தால்தான் எஃகு. எஃகு இருந்தால்தான் பீரங்கி. 1950 மே 9 அன்று பிரெஞ்சு வெளியுறவு அமைச்சர் ராபர்ட் ஷூமான், இரு நாடுகளின் நிலக்கரி, எஃகு உற்பத்தியைப் பொதுவான ஓர் அதிகாரத்தின் கீழ் வைப்போம் என்றார். மறுவருடம் ஆறு நாடுகள் கையெழுத்துப் போட்டன. ஒருவனுக்குத் தெரியாமல் இன்னொருவன் பீரங்கி வார்க்க முடியாது. மெழுகுவத்தி ஊர்வலத்தை நான் கிண்டல் செய்யவில்லை, போய் வாருங்கள். ஆனால் யாராவது ஒருவர் கணக்குப் புத்தகத்தோடு உட்கார்ந்தாக வேண்டும்.

அந்த ஷூமான் யார்? அப்பா லொரேன்காரர், 1871-ல் ஜெர்மானியராக ஆக்கப்பட்டவர். மகன் 1886-ல் லக்சம்பர்க்கில் பிறந்தார், ஜெர்மன் குடிமகனாக. ஜெர்மன் பல்கலைக்கழகங்களில் சட்டம் படித்து, மெட்ஸ் நகரில் வக்கீலாக இருந்து, 1919-ல் பிரெஞ்சு நாடாளுமன்றத்துக்குப் போனார். ஜெர்மனியின் சான்சலர் அடெனவரோடும் இத்தாலியின் பிரதமர் தெ காஸ்பெரியோடும் அவர் பேசியது ஜெர்மனில். தெ காஸ்பெரியும் ஆஸ்திரியப் பேரரசின் குடிமகனாகப் பிறந்த எல்லைப்புறத்துக்காரர்தான். கடைசி பெஞ்ச் என்று நான் சொன்னது இவர்களைத்தான்.

சில வருடங்களுக்கு முன் ஜெர்மனியில் மருமகன் வீட்டுக்குப் போயிருந்தபோது, கெல் என்ற ஊரிலிருந்து டிராம் ஏறி ரைன் ஆற்றைத் தாண்டி ஸ்ட்ராஸ்பூர் போனேன். ஆறு தாண்டினால் பிரான்ஸ். கெல்லில் சாமான் மலிவு என்று வாங்கிப்போகிற பெண்கள் மடியில் பைகளோடு உட்கார்ந்திருந்தார்கள். எதிரே ஒரு பாட்டி போனில் அல்சேசியனில் பேசினாள். பேரன் அவளிடம் ஏதோ பிரெஞ்சில் கேட்டான், பிரெஞ்சிலேயே பதில் சொன்னாள். அமைதியிலும் அந்த மொழி தேய்ந்துகொண்டுதான் வருகிறது.

சரி, அந்தப் புறநானூற்றுப் பாட்டு. 1971 டிசம்பரில் எனக்குப் பத்து வயது. பெரியம்மா மகன் ராணுவத்தில் லாரி டிரைவர். ஒவ்வொரு முறையும் லீவு முடிந்து கிளம்புகிற அன்று, பெரியம்மா அண்ணனைத் திண்ணையில் உட்கார வைத்துத் தலைக்கு நல்லெண்ணெய் தேய்த்துவிடுவாள். அப்புறம் ஒரு டின் முறுக்கு. போர் தொடங்கியதும் டிரான்சிஸ்டரிலிருந்து பேட்டரியைக் கழற்றி அஞ்சறைப் பெட்டிக்குப் பின்னால் ஒளித்துவிட்டாள். பெரியப்பா செய்தி கேட்க டீக்கடைக்குப் போனார். அண்ணன் திரும்பி வந்தார், ஒரு காது மட்டும் கேட்காமல் போயிருந்தது.

ஒன்பதாம் வகுப்பில் தமிழய்யா ஒக்கூர் மாசாத்தியாரின் பாட்டை நடத்தினார். ஏற்கெனவே இரண்டு போர்களில் இரண்டு ஆண்களை இழந்தவள், மூன்றாவது பறை கேட்டதும் ஒரே மகனின் பரட்டைத் தலையில் எண்ணெய் தடவி, வேல் ஒன்றைக் கையில் கொடுத்து அனுப்புகிறாள். அய்யாவுக்கு மார்பு விரிந்தது, எங்களுக்கும். 'கெடுக சிந்தை' என்று அது தொடங்குவதை வியந்து பாராட்டுவது என்றே சொல்லிக்கொடுத்தார். பாட்டை எழுதிய அந்த அம்மா நேராகவே திட்டியிருப்பாளோ என்று எனக்கு இப்போது ஒரு சந்தேகம். சாயங்காலம் பெரியம்மாவிடம் பெருமையாகச் சொன்னேன். அரிசி புடைத்துக்கொண்டிருந்தவள் முறத்தை நிறுத்தினாள்.

"அந்தப் பையன் திரும்பி வந்தானா?"

"அது பாட்டுல இல்ல பெரிம்மா."

அவள் மறுபடி புடைக்கத் தொடங்கினாள்.

ஸ்ட்ராஸ்பூரில் குடியரசுச் சதுக்கத்தில் 1936-ல் வைத்த போர் நினைவுச் சின்னம் இருக்கிறது. ஒரு தாய், அவளோடு சாகிற நிலையில் இரண்டு மகன்கள். ஒருவன் பிரான்ஸுக்காக, ஒருவன் ஜெர்மனிக்காக. உடம்பில் துணி இல்லை. போட்டால் எந்த நாட்டுச் சீருடையைப் போடுவது? பிரான்சில் வழக்கமாக எழுதுகிற 'பிரான்ஸுக்காக' அதில் இல்லை. 'நம் இறந்தவர்களுக்கு' என்று மட்டும் இருந்தது. மருமகன் போட்டோ எடுக்கட்டுமா என்றார், வேண்டாம் என்றேன்.

தேசத்தை நேசிப்பது தப்பா என்று கேட்டிருந்தீர்கள். அதற்குப் பதில் சொல்லவே இல்லை, இன்னொரு நாள் பார்ப்போம். மகளிடம் அந்தப் பையன் ஃபிரான்ஸின் வீட்டுமொழியைப் பற்றி இப்போதைக்கு எதுவும் சொல்லிவிடாதீர்கள். விடைத்தாள் திருத்துகிறவருக்கு ஹாமெல் வாத்தியார்தான் வேண்டும். பரீட்சை முடியட்டும்.

அன்புடன்